ஐந்தாவது தவறு

அவருடைய பெயர் எங்கள் ஒருவருடைய வாயிலும் சரியாக வரவில்லை. நடுவில் 'ஜ' போலவும் 'ஷ' போலவும் ஒரு சத்தம், முடிவில் ஒரு 'ஸ்'. மல்லிகா அக்கா இரண்டு நாள் முயன்று பார்த்துவிட்டு, "விடும் பிள்ளை, நெட்டையர் எண்டே சொல்லுவம்" என்றார். அங்கே வேலை செய்த எட்டுத் தமிழ்ப் பெண்களும் ஒத்துக்கொண்டோம். மூன்று வருடத்துக்கு மேல் அவரோடு ஒரே கூரையின் கீழ் நின்றிருக்கிறேன். இன்றைக்கும் எனக்கு அவர் நெட்டையர்தான்.

மொன்றியலின் லாசால் பகுதியில் இருந்த அட்டைப்பெட்டித் தொழிற்சாலை அது. நான் கணவரோடும் மூன்று வயது மகளோடும் திருகோணமலையிலிருந்து மொன்றியலுக்கு வந்த ஆறாம் மாதம், எண்பத்தாறாம் ஆண்டு, அங்கே சேர்ந்தேன். நாங்கள் பெண்கள் நீள மேசையில் நின்று அட்டையை மடித்துப் பசை பூசுவோம். நெட்டையர் பின்பக்கத்தில் வெட்டும் மெஷினில் நிற்பார். நாற்பத்தைந்து வயதிருக்கும். கூரையில் தொங்கிய விளக்கு அவருடைய நெற்றிக்கு நேரே வரும். வாசல் எவ்வளவு உயரமாக இருந்தாலும் குனிந்துதான் நுழைவார்.

நான் சேர்ந்த முதல் வாரமே ஒரு பிரச்சினை. பிஸ்கட் கம்பனி ஒன்றுக்குப் போகவேண்டிய பெட்டிகள் ஒரு விரற்கடை கோணலாக வெட்டுப்பட்டு, மூடி பொருந்தவில்லை. போர்மன் பிரெஞ்சில் கத்தத் தொடங்கினார். எனக்குச் சொல் விளங்கவில்லை, கோபம் விளங்கியது. எல்லோரும் தலையைக் குனிந்துகொண்டோம். அப்போது பின்பக்கத்தில் ஒரு கை எழுந்தது. பள்ளிக்கூடத்துப் பிள்ளை தூக்குவதுபோல நேராக, முழங்கை மடங்காமல்.

"முவா" என்றார் நெட்டையர். நான்தான் என்று அர்த்தம்.

நீண்ட நேரம் கத்துவதற்கு ஆயத்தமாக வந்த போர்மன் அதற்குப் பிறகு என்ன செய்வதென்று தெரியாமல் இரண்டு சொல் சொல்லிவிட்டுப் போய்விட்டார். நெட்டையர் அன்று முழுக்கத் தனியாக நின்று அந்தப் பெட்டிகளைப் பிரித்து அடுக்கினார்.

"அவருக்கு விசரோ அக்கா? ஆர் எண்டு கேக்க முதலே கையைத் தூக்கிறார்" என்று மல்லிகா அக்காவிடம் கேட்டேன்.

"உவர் எப்பவும் அப்பிடித்தான். நீர் வர முதல் ஒருநாள், பாரம் தூக்கிற வண்டியைப் பின்னுக்கு எடுக்கேக்க போர்மன்ர காரில இடிச்சுப்போட்டார். ஒருத்தரும் காணேல்ல. போர்மன் சாப்பிட்டுக்கொண்டிருந்த இடத்துக்குத் தேடிப்போய்க் கையைத் தூக்கினவர்."

காரணத்தை நெட்டையரே பிறகு எனக்குச் சொன்னார். அதற்கு முன் நான் பள்ளிக்கூடத்தில் வலைப்பந்து விளையாடியதைச் சொல்லவேண்டியிருந்தது.

சாப்பாட்டு நேரத்தில் அவர் வெறும் அட்டைத்துண்டுகளைக் கசக்கி, இருபது அடி தள்ளியிருந்த குப்பைத் தொட்டிக்குள் எறிவார். பெரும்பாலும் விழும். ஒருநாள் நானும் ஒன்றை எறிந்தேன். விழுந்தது. திரும்பிப் பார்த்தார். பள்ளிக்கூட அணியில் வளையத்துக்கு எறிகிறவள் நான்தான் என்றேன். அவருடைய ஆங்கிலமும் என்னுடைய ஆங்கிலமும் ஏறக்குறைய ஒரே அளவு. குறை விழுந்த இடத்தைத் தொழிற்சாலைப் பிரெஞ்சால் நிரப்பிக்கொள்வோம். வலைப்பந்தின் விதிகளை ஒவ்வொன்றாகக் கேட்டார். பந்தோடு ஓடக்கூடாது என்றபோது தலையாட்டினார். பந்து வைத்திருப்பவளை மூன்று அடி தள்ளி நின்றுதான் மறிக்கலாம் என்றபோது சாப்பிடுவதை நிறுத்திவிட்டார்.

"மூன்று அடியா? அப்படியென்றால் எனக்கு வேலையே இல்லை, மதாம்."

அவர் லித்துவேனியாக்காரர். சோவியத்தின் கீழ் இருந்த சின்ன நாடு. அங்கே பசுக்கொட்டிலின் சுவரிலும் ஒரு கூடைப்பந்து வளையம் அடித்திருக்குமாம். பதினெட்டு வயதில் கவுனாஸ் நகரத்தின் பெரிய கூடைப்பந்து அணி ஒன்றில் சேர்ந்து பதினான்கு வருடம் ஆடியிருக்கிறார். புள்ளி எடுப்பது அவர் வேலையல்ல. எதிரணியின் ஆகச் சிறந்த ஆட்டக்காரன் எவனோ, அவனோடு ஒட்டிக்கொண்டு நின்று அவனைப் புள்ளி எடுக்க விடாமல் செய்வதுதான் வேலை. அப்படி ஒட்டிக்கொண்டு நின்றால் இடிக்கத்தான் வேண்டும். இடித்தால் நடுவர் விசில் ஊதுவார். தவறு செய்தவன் கையைத் தூக்கவேண்டும். புள்ளி எழுதுகிறவருக்கு யார் என்று தெரியவேண்டும் அல்லவா? ஐந்து தவறு சேர்ந்தால் வெளியே.

"நான் பாதி ஆட்டங்களை வாங்கில் உட்கார்ந்துதான் முடித்திருக்கிறேன்" என்றார். "விசில் ஊதினால் ஊதியதுதான். சிலர் நடுவரோடு சண்டை பிடிப்பார்கள். நான் ஒருநாளும் பிடித்ததில்லை. இடித்தவனுக்குத் தெரியும்."

இன்னொன்றும் சொன்னார். அந்த நாட்டில் விளையாட்டைத் தொழிலாகச் செய்ய அனுமதி இல்லை. அதனால் கடதாசியில் அவர் ஒரு தொழிற்சாலையின் மெஷின் தொழிலாளி. சம்பளம் அங்கிருந்து வரும். அந்தத் தொழிற்சாலையின் வாசலை இரண்டு தடவைதான் கண்டிருக்கிறாராம், இரண்டும் புகைப்படம் எடுக்க. "இப்போதுதான் கடதாசியில் இருந்தது உண்மையாகியிருக்கிறது" என்று மெஷினைக் காட்டினார். சிரித்துச் சொல்லவில்லை. தகவலாகத்தான் சொன்னார்.

அவர் மொன்றியலில் தங்கிப்போன கதையை நான் முதலில் மல்லிகா அக்காவிடமிருந்து கேட்டேன். கனடாவுக்கு ஆட வந்த அணியிலிருந்து, ஹொட்டலின் பின்கதவால் பனிக்குள் ஓடித் தப்பிய வீரர் என்று அக்கா சொன்னார். இங்கே இருக்கும் லித்துவேனியர்களின் பத்திரிகையில் அப்படித்தான் எழுதியிருந்ததாம். அடுத்த நாளே அவரிடம் கேட்டேன்.

"ஓடவில்லை" என்றார். "ஓட முடியாது. இரண்டு கக்கத்திலும் ஊன்றுகட்டை."

ஆட்டத்தில் முழங்கால் சவ்வு கிழிந்து இங்கே ஆஸ்பத்திரியில் வெட்டிக் கட்டியிருக்கிறார்கள். அணி போய்விட்டது. காவலுக்கென்று ஒரு அதிகாரி மட்டும் கூட நின்றார். இனி இந்தக் கால் ஆடாது என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். ஆட முடியாதவனாகத் திரும்பிப்போய், அந்தத் தொழிற்சாலையில் உண்மையாகவே தொழிலாளியாக நிற்கவேண்டும் என்று நினைத்தபோது பயம் வந்ததாம். ஒரு தாதியிடம் கடதாசி கேட்டு, இந்த நாட்டில் இருக்க விரும்புகிறேன் என்று எழுதிக் கொடுத்தார். அவ்வளவுதான்.

"பத்திரிகையில் வந்ததும் எங்கள் நாட்டவர்களின் தேவாலயத்தில் எனக்குக் கூட்டம் வைத்தார்கள். பூங்கொத்து. பேசச் சொன்னார்கள். எழுந்து, எழுதியிருப்பது பிழை, நான் சுதந்திரத்துக்காக ஓடவில்லை, வெட்கத்தில் தங்கினேன் என்றேன். அதற்குப் பிறகு கூட்டம் வைக்கவில்லை."

ஞாயிற்றுக்கிழமைகளில் அவர் அந்தத் தேவாலயத்துக்குப் போவதுண்டு. கடைசி வரிசையில் இருந்துவிட்டு, மற்றவர்கள் கோப்பி குடிக்கப் போகும்போது வெளியே வந்துவிடுவார்.

அவர் தங்கியதற்கு இன்னொரு விலையும் இருந்தது. அவருக்கு ஒரு தம்பி. தம்பியும் அதே அணியில் இளையவர்கள் வரிசையில் ஆடிக்கொண்டிருந்தான். அண்ணன் வெளிநாட்டில் தங்கிவிட்ட பிறகு தம்பியை அணியிலிருந்து எடுத்துவிட்டார்கள். தாய் ஒரேயொரு கடிதம் எழுதினார்: நீ உன் காலைக் காப்பாற்ற அவனுடைய இரண்டு காலையும் வெட்டிவிட்டாய். அதற்குப் பிறகு இவர் எழுதிய எந்தக் கடிதத்துக்கும் பதில் இல்லை. தாய் இறந்த செய்தி, இறந்து ஐந்து மாதம் கழித்து ஒரு மாமி மூலம் வந்தது.

"அதுதான் என்னுடைய ஐந்தாவது தவறு" என்றார். அதற்குப் பிறகு அவர் எந்த மைதானத்திலும் கால் வைக்கவில்லை. குப்பைத் தொட்டியோடு சரி.

எண்பத்தேழில் எங்கள் அகதி விசாரணைக்கு நாள் வந்தது. தமிழர்கள் நெருங்கி இருந்த பார்க் எக்ஸ்ரென்ஷன் பகுதியில் ஒரு அண்ணை இருந்தார். நம்மவர்களுக்குக் கேஸ் எழுதிக் கொடுப்பவர். என் தம்பியை இராணுவம் பிடித்துக்கொண்டு போனதுதான் எங்கள் கேஸின் மையம். நான் நடந்ததைச் சொன்னேன். காலையில் பாண் வாங்கப் பேக்கரிக்குப் போனேன். திரும்பி வந்தபோது அடுப்பில் தேநீருக்கு வைத்த தண்ணீர் கொதித்து வற்றியிருந்தது. அவனுடைய செருப்பில் ஒன்று வாசலில் கிடந்தது. இராணுவ வண்டி வந்து போன சத்தம் கேட்டதாகப் பக்கத்து வீட்டார் சொன்னார்கள். அவன் இல்லை. இன்றுவரை இல்லை.

அண்ணை பேனாவை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். "தங்கச்சி, கேள்விப்பட்டன் எண்டு சொன்னா ஒருத்தரும் எடுக்கமாட்டினம். என்ர கண்ணுக்கு முன்னால கொண்டுபோனவங்கள் எண்டு சொல்லோணும். பெடியன் போனது பொய்யில்லைத்தானே?"

அப்படியே எழுதினார். என் கணவரும் அதுதான் நல்லது என்றார். நான் கையெழுத்து வைத்தேன். அடுத்த நாள் சாப்பாட்டு மேசையில் நெட்டையரிடம் எல்லாவற்றையும் சொல்லி, என்ன செய்யலாம் என்று கேட்டேன். அவர் நீண்ட நேரம் ரொட்டியை மென்றார்.

"என்னைக் கேட்காதீர்கள். உண்மையைச் சொல்லி நான் எதையும் வென்றதில்லை. பொய் சொல்லிப் பார்த்ததும் இல்லை. இரண்டில் எது நல்லது என்று எனக்கு எப்படித் தெரியும்?"

எனக்குப் பெரிய ஏமாற்றம். உண்மையைச் சொல் என்று அவர் சொல்லியிருந்தால், உங்களுக்குப் பிள்ளை இல்லை, அதனால் சொல்கிறீர்கள் என்று கோபித்துக்கொண்டாவது போயிருப்பேன்.

விசாரணை அறையில் எங்களை விசாரிக்க இரண்டு பேர் இருந்தார்கள், ஓர் ஆணும் ஒரு பெண்ணும். பெண்தான் கேட்டார். கடுமையாகக் கேட்கவில்லை. "உங்கள் தம்பியைக் கொண்டுபோனபோது அவர் என்ன உடுத்திருந்தார்?"

அவனிடம் இருந்ததே நாலு சட்டைதான். எதையாவது சொல்லியிருக்கலாம். நீலச் சட்டை என்று சொல்ல வாய் வந்தது. ஆனால் நீலச் சட்டை அன்று கொடியில் காய்ந்ததை நான் கண்டிருந்தேன். மற்ற மூன்றில் எதைப் போட்டுக்கொண்டு போனான் என்பது எனக்குத் தெரியாது. அது தெரியாததுதான் அந்த இரண்டு வருடமும் என்னை அரித்துக்கொண்டிருந்தது.

"எனக்குத் தெரியாது. நான் அங்க இல்லை" என்றேன்.

மொழிபெயர்க்க வந்த தமிழர் அதை மொழிபெயர்க்காமல் என்னைப் பார்த்தார். "அக்கா, பேப்பரில வேற மாதிரி இருக்கு."

"பேப்பரில இருக்கிறது பிழை. நான் பாண் வாங்கப் போனனான். அப்பிடியே சொல்லுங்கோ."

சொன்னார். பக்கத்தில் குறிப்பெடுத்துக்கொண்டிருந்த எங்கள் வழக்கறிஞரின் பேனா நின்றது. விசாரணையை இன்னொரு நாளுக்குத் தள்ளிவைத்தார்கள். வெளியே படிக்கட்டில் என் கணவர் மெல்லிய குரலில்தான் கேட்டார். "நீர் என்ன வேலை செய்தனீர்? திருப்பி அனுப்பினாங்கள் எண்டா இந்தப் பிள்ளையையும் கொண்டு எங்க போறது?" நான் மகளின் குளிர்க்கோட்டின் பொத்தானைப் போட்டுக்கொண்டே நின்றேன்.

அதற்குப் பிறகு மாதக்கணக்காகக் கடிதம் வரவில்லை. எங்களுக்குப் பின்னால் விசாரணைக்குப் போனவர்களுக்கெல்லாம் முடிவு வந்தது. மல்லிகா அக்காவுக்கும் வந்தது. தொழிற்சாலைக்குக் கேக் கொண்டுவந்து கொடுத்தார். அந்தக் கேக் துண்டைக் கையில் வைத்துக்கொண்டு நான் வெட்டும் மெஷினடிக்குப் போனேன்.

"எல்லாம் உங்களால்தான்" என்றேன். "நீங்கள் ஒவ்வொன்றுக்கும் கையைத் தூக்கினதைப் பார்த்துப் பார்த்துத்தான் எனக்கு வாய் வந்தது."

மெஷினை நிறுத்தினார். வழமைபோலக் கை எழும் என்று நினைத்தேன். எழவில்லை.

"இல்லை, மதாம். நான் செய்ததென்றால் நான் சொல்வேன். இது நீங்கள் செய்தது."

மெஷினைத் திரும்பப் போட்டார். ஒரு மனிதன் இவ்வளவு நேரான கல்லாக இருப்பானா? கேக்கை அவருடைய மேசையில் வைத்துவிட்டு வந்தேன். பிறகு நாலு மாதம் அவரோடு கதைக்கவில்லை. சாப்பாட்டு நேரத்தில் வேறு மேசையில் இருந்தேன். அவர் அட்டையை எறிந்துவிட்டு என் பக்கம் ஒரு தடவை பார்ப்பார். நான் எறியவில்லை.

இரண்டாவது விசாரணையும் முடிந்து, முதல் விசாரணையிலிருந்து பதினான்கு மாதம் கழித்துக் கடிதம் வந்தது. ஏற்றுக்கொண்டிருந்தார்கள். உண்மையைச் சொன்னதால் கிடைத்ததா, சொல்லியும் கிடைத்ததா என்று அதில் எழுதியிருக்கவில்லை. என் கணவர் அதை மூன்று தரம் வாசித்துவிட்டு, என்னைப் பார்க்காமல், "தம்பியின்ர படத்தைச் சட்டம் போட்டுக் கொழுவுவம்" என்றார். அதுவரைக்கும் அந்தப் படம் பெட்டிக்குள்தான் இருந்தது.

அடுத்த நாள் கடிதத்தை நெட்டையரிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். விரலை வரியின் கீழ் வைத்து முழுவதையும் வாசித்தார். மடித்துத் திரும்பத் தந்தார்.

"இதுவும் நீங்கள் செய்தது" என்றார்.

எண்பத்தொன்பதாம் ஆண்டளவில் அவருடைய நாட்டில் சோவியத்தின் பிடி தளரத் தொடங்கியிருந்தது. ஆட்கள் வெளியே வந்து போனார்கள். ஒருநாள் அவர் ஒரு பத்திரிகைத் துண்டோடு என் மேசைக்கு வந்தார். அவருடைய பழைய அணி கனடாவுக்கு வருகிறது. டவுன்டவுனில் ஒரு பல்கலைக்கழகத்தின் மண்டபத்தில் ஞாயிறு பிற்பகல் ஆட்டம். அணியோடு வருகிறவர்களின் பெயர்களில், ஆட்டக்காரர்களுக்குக் காலில் கட்டுப்போடுகிறவராகத் தம்பியின் பெயர் இருந்தது.

"தனியாகப் போக முடியாது" என்றார். "நீங்கள் மகளையும் கூட்டிக்கொண்டு வருவீர்களா? பிள்ளை கூட இருந்தால் நான் பாதியில் எழுந்து போகமாட்டேன்."

போனோம். மகளுக்கு அப்போது ஆறு வயது. பிரெஞ்சில்தான் எல்லாவற்றையும் கேட்பாள். பதின்மூன்று வருடத்துக்குப் பிறகு அவர் ஒரு கூடைப்பந்து மண்டபத்துக்குள் காலை வைத்தார். தரையில் சப்பாத்து உரசும் சத்தம் கேட்டதும் இருக்கையின் விளிம்பை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். அவர் ஆட்டத்தைப் பார்க்கவேயில்லை. கோட்டுக்கு வெளியே துவாயும் போத்தல்களுமாக நின்ற ஒரு வழுக்கைத் தலை மனிதனைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். யார் வென்றார்கள் என்று கேட்டால் எனக்கும் சொல்லத் தெரியாது.

முடிந்ததும் கீழே இறங்கினோம். அண்ணனும் தம்பியும் ஒரு கை தூரத்தில் நின்றார்கள். நெட்டையர் எழுதிப் பாடமாக்கி வந்ததைத் தங்கள் மொழியில் சொல்லத் தொடங்கினார். நாலு வசனம் போயிருக்கும். தம்பி தலையை ஆட்டி அவரை நிறுத்தினான். பிறகு தம்பிதான் கதைத்தான், தரையைப் பார்த்துக்கொண்டு, வேகமாக. நெட்டையர் ஒரு கேள்வி கேட்டார். தம்பி பதில் சொன்னான். அதே கேள்வியை அவர் திரும்பவும் கேட்டார். அதே பதில் வந்தது. அணியின் பஸ் வெளியே ஹோர்ன் அடித்தது. தம்பி பையைத் தூக்கியவன், என்ன நினைத்தானோ, சட்டையில் குத்தியிருந்த சின்ன வில்லையைக் கழற்றி என் மகளின் கையில் வைத்துவிட்டு ஓடினான்.

மெட்ரோவில் ஏறி இருந்த பிறகுதான் சொன்னார்.

"அவனை அணியிலிருந்து எடுத்தது என்னால் இல்லையாம். நாங்கள் கனடாவுக்குப் புறப்பட்ட அதே வாரம் பயிற்சியாளர் அவனைக் கூப்பிட்டு, உனக்கு வேகம் போதாது, இனி வரவேண்டாம் என்றாராம். வீட்டில் சொல்ல வெட்கம். நாளைக்குச் சொல்லுவோம் என்று இருந்திருக்கிறான். அதற்குள் நான் இங்கே தங்கிவிட்டேன். எல்லோரும் அவர்களாகவே ஒரு காரணத்தைச் சொன்னார்கள். இவன் பேசாமல் இருந்துவிட்டான்."

"அம்மாவுக்கும் சொல்லவில்லையா?"

"அதைத்தான் இரண்டு தடவை கேட்டேன். சொல்லவில்லை."

எனக்கு அந்த வழுக்கைத் தலை மனிதன்மேல் பெரும் கோபம் வந்தது. பதின்மூன்று வருடம். ஒரு தாய் மகனுக்கு இன்னொரு கடிதம் எழுதாமலே செத்துப்போயிருக்கிறாள். "உங்களுக்குக் கோபம் வரவில்லையா?" என்று கேட்டேன். இரண்டு மூன்று நிறுத்தங்கள் போயின. அவருடைய முழங்கால் முன் இருக்கையில் இடித்துக்கொண்டிருந்தது.

என் மகள் வில்லையை ஆடையில் குத்த முயன்றபடியே பிரெஞ்சில் கேட்டாள். "உங்கட தம்பி நல்லா விளையாடுவாரா?"

அவர் யோசித்தார். எந்தக் கேள்விக்கும் யோசித்துத்தான் பதில் சொல்வார்.

"மிக நன்றாக விளையாடுவான்" என்றார். "நல்ல வேகம். பயிற்சியாளர் பிழையாகச் சொல்லிவிட்டார்."

மகளுக்கு அது போதுமாக இருந்தது. நான் அவருடைய முகத்தைத் திரும்பிப் பார்த்தேன். அவர் சொன்ன ஒன்று உண்மையா இல்லையா என்று நான் யோசித்தது அந்த ஒரு தடவைதான். கேட்கலாமா என்று நினைத்தேன், கேட்கவில்லை. கடைசி நிறுத்தமான ஆங்கிரினோனில் ரயில் நின்றது. அவர் குனிந்து, என் மகளின் சின்ன விரல்களால் முடியாத அந்த ஊசியை மெல்லக் குத்திவிட்டார். மூவரும் இறங்கிப் பஸ்ஸுக்கு நடந்தோம்.